சவுக்குக்காயில் ஒட்டிய பொட்டு

புத்தகத்தில் அச்சாகியிருப்பது ஒன்று, ஒரு மாணவி விரல் வைத்து எண்ணிச் சொல்வது வேறொன்று என்றால், எதைச் சுவரில் ஒட்டுவது?

தொண்ணூறுகளின் தொடக்கத்தில், பட்டம் பெற்ற கையோடு, தாம்பரத்தில் ஒரு பள்ளியில் அறிவியல் மன்றம் நடத்திவந்தேன். கண்காட்சிக்கு நான் தேர்ந்த தலைப்பு, இயற்கையில் எண்வரிசை. முந்தைய இரண்டைக் கூட்டினால் அடுத்தது வரும்: மூன்று, ஐந்து, எட்டு, பதின்மூன்று. சந்தையில் வாங்கிய அன்னாசியில் சாய்வு வரிசைகள் ஒரு பக்கம் எட்டு, மறுபக்கம் பதின்மூன்று எனச் சரியாகவே வந்தன. நான் பின்பற்றிய புத்தகம் பைன் மரக் கூம்பையும் சொன்னது. பைனுக்கு நாங்கள் எங்கே போவது? சவுக்குக்காயும் கூம்பு போலத்தானே இருக்கிறது என்று, மேடவாக்கம் சாலைத் தோப்பில் பொறுக்கிவரச் சொன்னேன்.

பத்தாம் வகுப்பு மாணவி ஒருத்தி, ஒரே வரிசையை இருமுறை எண்ணிவிடாதபடி ஸ்டிக்கர் பொட்டு ஒட்டி எண்ணினாள்.

"அக்கா, அன்னாசி மாதிரி எட்டு, பதிமூணுன்னு வரல. ரெண்டு பக்கமும் ஒரே நம்பர்தான் வருது."

"கணக்குல ஃபெயிலானவ எண்ணினா அப்டித்தான் வரும்" என்று தோழி சீண்டினாள். அரையாண்டுத் தேர்வில் அவள் தோற்றது உண்மை. பத்தாவதோடு நிறுத்தி ஏற்றுமதித் தையல் கம்பெனிக்கு அனுப்ப, ஆட்டோ ஓட்டும் அவள் அப்பா முடிவுசெய்திருந்தார். கண்காட்சிக்கு அவரும் வருவார்.

நானும் எண்ணினேன். அவள் சொன்னதே சரி. சவுக்கை எடுத்துவிட்டால் யாருக்கும் சங்கடமில்லை. ஆனால் உன் கண்ணை நம்பாதே என்று நானே கற்றுக்கொடுத்ததாகிவிடும். வைத்தாலோ, தப்பு என்று யாராவது சிரித்தால் அப்பாவின் முன் அவள் தலைகுனிய நேரலாம். அவளையே கேட்டேன்.

"இருக்கட்டும்கா. நான் எண்ணிக் காட்றேன்."

'இது எண்வரிசையில் அடங்கவில்லை' என்று எழுதி அவளே ஒட்டினாள்.

பார்வையிட வந்த கணித ஆசிரியர் அதைப் படித்ததும், தப்பாக எண்ணியிருப்பாய் என்று சிரித்தார். அவள் காயை அவர் கையில் கொடுத்து, பொட்டிலிருந்து தொடங்கச் சொன்னாள். அவர் எண்ணினார். சிரிப்பு நின்றது. திருப்பி வைத்து மறுபடி எண்ணினார்.

"சரியாத்தாம்மா இருக்கு."

பின்னால் நின்ற அப்பா காயை வாங்கித் தானும் எண்ணிப் பார்த்தார்.

"எனக்கும் அதான் வருது. இதான் கணக்குன்னா நீ இன்னாத்துக்கு ஃபெயிலான?"

சவுக்கில் செதில்கள் சுருளாக ஏறுவதில்லை, வளையம் வளையமாக அடுக்கப்படுகின்றன என்பதைப் பின்னர்தான் அறிந்தேன். அதுவும் இயற்கையின் கணிதமே. என் புத்தகம் சொல்லாதது, அவள் கண்டது. இன்றும் நினைத்தால் நெஞ்சு நிமிர்கிறது.

பொதுத்தேர்வில் அவள் தேறினாள். பதினொன்றாம் வகுப்புக் கணிதப் பிரிவுக்கு அப்பாவே வரிசையில் நின்று விண்ணப்பம் வாங்கினார். அதன்பின், எங்கள் கையால் எண்ணிப் பார்க்காத எந்த எண்ணையும் மன்றத்தின் சுவரில் நாங்கள் ஒட்டியதில்லை.