கஸ்பார் அடித்த துக்கமணி

எங்கள் பெருமாள்மலை மாதா கோயிலில் யாராவது இறந்தால் துக்கமணி அடிப்பார்கள். செத்தவருக்கு எத்தனை வயதோ அத்தனை அடி. சரிவில் உருளைக்கிழங்கு தோண்டுகிறவர்கள்கூட நிமிர்ந்து நின்று எண்ணுவார்கள்.

மணி அடிக்கும் கோயில்பிள்ளை கஸ்பார். சம்பளம் சொற்பம், வீறாப்புக்கு மட்டும் குறைவில்லை. மகள் ஜோசப்பின் பத்தாவது முடித்துவிட்டுக் கொடைக்கானலில் ஒரு லாட்ஜுக்கு வேலைக்குப் போனாள். அவள் சம்பளத்தில்தான் வீட்டுக்குத் தகரக்கூரை வந்தது. அதன் கீழே நிம்மதியாகத் தூங்கிய மனுஷன்தான், 1978இல் அவள் பழனிக்காரனான பஸ் கண்டக்டர் குமாரவேலை ரிஜிஸ்தர் கல்யாணம் செய்துகொண்டதும் நேராகக் கோயிலுக்குப் போய்க் கயிற்றைப் பிடித்தார். பத்தொன்பது அடி. ஊரே ஓடிவந்தது.

"எம் மக செத்துட்டா," என்றார்.

பங்குச் சாமியார் கண்டபடி திட்டினார். திட்டி என்ன? அடித்த மணியைத் திருப்பி வாங்க முடியுமா? எனக்கு இன்றுவரை அந்த ஆள்மேல் ஆத்திரம்தான்.

மகளை வீட்டில் சேர்த்துக்கொள்ளச் சொல்லி மனைவி கித்தேரியம்மாள் கெஞ்சாத நாளில்லை. ஒரு கிறிஸ்துமஸுக்கு ஜோசப்பின் கைக்குழந்தையோடு வாசலில் வந்தே நின்றுவிட்டாள்.

"கித்தேரி, கதவைச் சாத்து. செத்தவ வாசல்ல வந்து நிக்கக் கூடாது."

கித்தேரியம்மாள் அழுதுகொண்டே சாத்தினாள். அதற்கப்புறம் ஜோசப்பின் வரவில்லை.

1983 மழைக்காலத்தில் குமாரவேல் மட்டும் வந்தான். இரண்டாவது பிரசவத்தில் ஜோசப்பின் போய்விட்டாள்.

"சொல்லிவிட்டா வருவீங்களான்னு தெரியல மாமா. முந்தாநாளே எரிச்சுட்டோம்."

கித்தேரியம்மாள் தரையில் விழுந்து அலறினாள். கஸ்பார் நனைந்துகொண்டே கோயிலுக்கு நடந்தார்.

மணி கேட்டது. எண்ணினோம். ஐந்தோடு நின்றுவிட்டது.

ஐயோ, யாரோ பச்சைப்பிள்ளை என்று பதறி ஓடினோம். நான் வழியில் கொஞ்சம் வெள்ளைப்பூ பறித்துக்கொண்டேன். சின்னப் பெட்டிக்கு அளவெடுக்கத் தச்சன் மணியன் நூலோடு வந்திருந்தான்.

"எந்த வீட்டுப் புள்ளைண்ணே?" என்று கேட்டான்.

கஸ்பார் இன்னும் கயிற்றை விடவில்லை.

"எம் மக ஜோசப்பின்தான்டா. பத்தொம்பது அன்னைக்கே அடிச்சுட்டேன். மிச்சம் அஞ்சுதான் இருந்துச்சு."