ஸ்வீடனுக்கு அடுத்த ஞாயிறு

ஏழு வயதில் எனக்கு ஓர் உத்தியோகம் இருந்தது: மாமாவை ரோடு தாண்ட வைப்பது. அம்மாவின் தம்பியான அவர் அந்தக் கோடையில்தான் மேற்படிப்புக்காக மெட்ராஸிலிருந்து மான்ட்ரியலுக்கு வந்து, லாசால் பகுதியில் எங்கள் வீட்டு ஹாலில் படுத்துக்கொண்டிருந்தார். கணக்கில் புலி. ஆனால் நடைபாதை விளிம்புக்கு வந்தால், மெட்ராஸ் பழக்கத்தில், வண்டியே வராத பக்கத்தை உற்றுப் பார்த்துவிட்டுத் துணிச்சலாக இறங்குவார். பஸ் மறுபக்கத்திலிருந்து வரும். நான் சட்டையைப் பிடித்து இழுப்பேன். இழுத்ததோடு நிறுத்தியிருக்கலாம். வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம், “மாமாவுக்கு ரோடு தாண்டத் தெரியாது, நான்தான் கூட்டிட்டுப் போறேன்” என்று விளம்பரம் வேறு செய்தேன். மாமா சிரித்துக்கொண்டுதான் இருந்தார். அது என்ன மாதிரியான சிரிப்பு என்பது பிற்பாடுதான் விளங்கியது.

செப்டம்பர் தொடக்கத்தில் ஸ்வீடன் நாடே ரோட்டின் இடது பக்கம் வண்டி ஓட்டுவதிலிருந்து வலது பக்கத்துக்கு மாறியது. டிவியில் காட்டினார்கள். ஞாயிற்றுக்கிழமை விடிகாலையில் கார்களெல்லாம் நின்று, எதிர்ப்பக்கத்துக்கு மெல்ல ஊர்ந்து, மறுபடி கிளம்பின. ஓரத்தில் ஜனங்கள் தேர் பார்ப்பதுபோல் நின்றார்கள்.

“அடுத்த ஞாயிறு நம்ம ஊர்ல” என்றார் மாமா, பேப்பரை மடித்தபடி.

“இங்க ஏற்கெனவே வலது பக்கம்தானே போறோம்?”

“அதான்டா. அவங்க இந்தப் பக்கம் வந்துட்டாங்க இல்ல? அப்ப நாம அந்தப் பக்கம் போயாகணும். எல்லாரும் ஒரே பக்கம் போனா பூமி சாஞ்சுடாதா?”

இதில் எனக்கு ஒரு குறையும் தென்படவில்லை. கவலை வேறு இடத்தில் இருந்தது. “அப்பாவுக்குத் தெரியுமா?”

“தெரியும். ஆனா உங்கப்பா மறந்துடுவாரே. நீ போய் ஞாபகப்படுத்தாதே, கோவம் வரும்.”

அங்கேதான் மாட்டிக்கொண்டேன். அப்பா ஆஸ்பத்திரியில் டாக்டர். நோயாளிகளின் வியாதி அத்தனையும் நினைவிருக்கும். ஒரு காலில் கறுப்பு ஷூ, மறு காலில் பழுப்பு ஷூ போட்டுக்கொண்டு வேலைக்குப் போய்விட்டு வருவார். அவர் வலது பக்கம் ஓட்டப் பழகியதே, அம்மா பக்கத்தில் உட்கார்ந்து திருப்பத்துக்குத் திருப்பம் “சாப்பிடற கை, சாப்பிடற கை” என்று சொல்லிக்கொடுத்துத்தான். போதாக்குறைக்கு அந்த ஞாயிறு அவருக்குக் காலை டியூட்டி.

யோசித்தேன். எல்லாவற்றுக்கும் வேர் அந்தக் கைதான் என்று பட்டது. அப்பாவுக்கு ஒரு வார்த்தையும் சொல்லாமல் புரியவைக்க, அவர் எதிரே உட்கார்ந்து இடது கையால் ரசம் சாதம் சாப்பிட ஆரம்பித்தேன். பாதி சட்டையில் விழுந்தது. அம்மா கரண்டிக் காம்பால் என் முட்டியில் ஒன்று வைத்தாள். “எந்தக் கையில சாப்பிடற? யாராவது பார்த்தா என்ன நினைப்பாங்க?” மாமாவுக்குப் புரையேறியது. அப்பா மட்டும் தலை நிமிராமல் ஏதோ மருத்துவப் பத்திரிகையைப் படித்துக்கொண்டே மோர் சாதத்துக்குப் போய்விட்டார். இவர் ஞாயிற்றுக்கிழமை பிழைக்கமாட்டார் என்று முடிவு கட்டினேன்.

ஞாயிறு காலை எல்லோருக்கும் முன்பே எழுந்து, பைஜாமாவோடு, பனிக்கால பூட்ஸை மாட்டிக்கொண்டு (செப்டம்பரில் எதற்கு பூட்ஸ் என்று கேட்காதீர்கள், ஆபத்துக் காலத்தில் கைக்குக் கிடைத்ததைத்தான் மாட்டிக்கொள்ள முடியும்) கீழே இறங்கி, எங்கள் கட்டடத்துக் கார்கள் தெருவுக்குள் திரும்பும் இடத்தில் நின்றேன்.

முதலில் ஒரு ரொட்டி வண்டி வந்தது. வலது பக்கத்திலேயே வந்தது. பின்னாலேயே ஒரு டாக்ஸி, அதுவும் வலது பக்கம். புத்தியுள்ள பிள்ளையாக இருந்தால் அப்போதே விஷயம் புரிந்திருக்கும். எனக்குப் புரிந்தது வேறு: ஊர் முழுக்க மறந்துவிட்டது. கனடாவில் ஞாபகசக்தியோடு மிஞ்சியிருப்பவன் நான் ஒருவன்தான். பிரெஞ்சில் எனக்குத் தெரிந்த பத்து வார்த்தைகளில் இடது பக்கத்துக்கு உரியதும் ஒன்று. “கோஷ், மெஸ்யே, கோஷ்” என்று கத்தினேன். ரொட்டிக்காரர் வேகத்தைக் குறைத்து, நான் காட்டிய பக்கம் எட்டிப் பார்த்தார். அங்கே ஒன்றுமில்லை. “பொன்ஜூர்” என்று கையசைத்துவிட்டுப் போய்விட்டார்.

அப்போது அப்பாவின் கார் வந்தது. நேராக அதன் முன்னால் போய், இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு நின்றேன்.

கார் நின்றது. அப்பா கண்ணாடியை இறக்கினார். “என்னடா இது?”

“இடது பக்கம் போங்கப்பா. இன்னிலேர்ந்து மாறிடுச்சு. நீங்க மறந்துட்டீங்க. யாருமே ஞாபகம் வெச்சுக்கலை. இடிச்சுடுவாங்கப்பா.” சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது.

“யார் சொன்னா?”

“மாமா.”

அப்பா நிமிர்ந்து பார்த்தார். மூன்றாவது மாடி பால்கனியில் மாமா, வேட்டியும் ஸ்வெட்டருமாக, காபி டம்ளரை வாய்க்குக் கொண்டுபோகாமல் நின்றிருந்தார்.

அன்று அப்பா மட்டும் மகன் பேச்சைக் கேட்கிற ரகமாக இருந்திருந்தால், அவரைக் காப்பாற்றப் போய் நானே வழியனுப்பி வைத்திருப்பேன். அவர் திட்டவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. கதவைத் திறந்து என்னை முன் சீட்டில் ஏற்றிக்கொண்டார்.

“சரி, நீ பார்த்துக்கிட்டே வா. மத்தவங்க மாறினா சொல்லு, நானும் மாறிடறேன்.”

மெதுவாகக் கட்டடத்தைச் சுற்றிவந்தோம். ஒருவரும் மாறவில்லை. இரண்டாவது சுற்றும் போனார். “இன்னிக்கு இல்லை போல” என்றேன். “இருக்கலாம்” என்றார். என்னை வாசலில் இறக்கிவிட்டு, தாமதமாக ஆஸ்பத்திரிக்குப் போனார். அந்த வாரம் முழுக்க மாமாதான் பாத்திரம் தேய்த்தார்.

அதற்கப்புறம் யார் சாப்பிட வந்தாலும் அப்பா இதை எடுத்துவிடுவார். “ஒரு நாள் இவன் ரோட்டுக்கு நடுவுல நின்னு என் காரை நிறுத்திட்டான்.” அவ்வளவுதான். என் தோளில் கையை வைத்துக்கொண்டு ஒவ்வொருவர் முகமாகப் பார்ப்பார். வந்தவர்கள் எங்கே சிரிப்பது என்று தெரியாமல் முழிப்பார்கள். எனக்கு மானம் போகும். நானே குறுக்கே புகுந்து, ஸ்வீடன், ரசம், ரொட்டி வண்டி எல்லாவற்றையும் சேர்த்து நடித்துக் காட்டி, வயிறு வலிக்கச் சிரிக்கவைத்து அனுப்புவேன். அப்பா அப்பளத்தை உடைத்துக்கொண்டிருப்பார். அடுத்த முறையும் அதே ஒரு வரியைச் சொல்லி, அங்கேயே நிறுத்துவார். பாவம், அப்பாவுக்கு ஜோக் சொல்ல வராது என்று நினைத்து, எத்தனையோ வருஷம் நானே அதை முடித்துவைத்துக்கொண்டிருந்தேன். அவர் ஜோக் சொல்லிக்கொண்டிருக்கவில்லை என்பது எனக்குத் தோன்றவே இல்லை.