மாடியில் ஒலித்த தப்ஸ்

என் மனைவி இறந்த பின், எங்கள் மாடியில் குடியிருந்த வெண்தாடிக்காரர் சத்தம் எழாதபடி செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டுதான் படியேறுவார். ஒருநாள் தயங்கி வந்து நின்றார்.

"பொண்ணுக்கு நிக்காஹ் சார். தப்ஸ் அடிக்கணும்னு ஆசப்படுது. வாத்தியமே கூடாதுங்கற எங்க ஹஜரத்தும் கல்யாணத்துக்கு தப்ஸ் அடிக்கலாம்னுட்டார்."

"அப்புறம் என்ன?"

"மார்க்கம் சம்மதிச்சிடுச்சு சார். கீழ்வீடு சம்மதிக்கணும் இல்ல?"

சம்மதித்தேன்.

நிக்காஹ் அன்று மாலை மாடியில் தப்ஸ் முழங்கியது. இன்னும் தெளிவாகக் கேட்க எண்ணிக் கதவைத் திறந்தேன். வாசலில் அவர் நின்றிருந்தார். என்னைக் கண்டதும், நிறுத்தச் சொல்லி மாடியை நோக்கிக் கையை உயர்த்தினார்.

"கேக்கத்தான் வந்தேன்" என்றேன்.

கையை இறக்கினார். ஆயினும் தப்ஸ் ஓயும்வரை மேலே போகவில்லை. மகளின் திருமண நாளில் அவர் ஏன் என் வாசலில் நின்றார் என்பதை, அவர் வீடு மாறிச் சென்ற பிறகும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.