சாச்சி வயிற்றில் அமீபா

அமீபா என்பது ஒரு பெண் குழந்தையின் பெயர் என்று நம்பி, ஒரு குடும்பத்தையே அல்வா கிண்ட வைத்தவன் நான். இதை வெளியில் ஒப்புக்கொள்ள எனக்கு நாற்பத்து மூன்று வருடம் ஆகியிருக்கிறது. இப்போது வயது ஐம்பத்திரண்டு. தலைமுடியில் பாதி போய்விட்டது, மானத்தில் முக்கால்வாசி போய்விட்டது. மிச்சம் இருப்பதை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறேன் என்றுதான் சொல்லத் துணிந்தேன்.

அப்போது நான் நாலாம் வகுப்பு. ஏற்காட்டில் அத்தாவும், அப்பாவை நாங்கள் அப்படித்தான் கூப்பிடுவோம், அவர் தம்பியும் சேர்ந்து ஒரு மளிகைக் கடை வைத்திருந்தார்கள். முன்பக்கம் கடை, பின்பக்கம் வீடு. அத்தாவின் தம்பி எங்களுக்குச் சாச்சா. அவர் மனைவி சாச்சி. கல்யாணமாகி எட்டு வருடம், குழந்தை இல்லை. அது ஒரு குறை என்று எனக்குத் தோன்றியதே கிடையாது. என்னைப் பொறுத்தவரை அது ஒரு வசதி. அம்மாவுக்கு நாங்கள் நாலு பேர், ஆளுக்கு ஒரு முட்டையில் பாதி. சாச்சியிடம் போனால் முழு முட்டை. ஆகவே தினமும் அம்மாவிடம் ஒருமுறை சாப்பிட்டுவிட்டு, சாச்சியிடம் பட்டினியாக இருப்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டு போய் நிற்பேன். சாச்சி ஒருநாளும் ஏமாந்ததில்லை. ஆனாலும் போடுவார்.

அத்தாவின் அக்காவை நாங்கள் குப்பி என்போம். அவர் சேலத்தில் இருந்தார். மாதம் ஒருமுறை பஸ் ஏறி, இருபது கொண்டை ஊசி வளைவுக்கும் இருபது முறை அல்லாவைக் கூப்பிட்டுக்கொண்டே மலைக்கு வருவார். வந்து இறங்கியதும், தண்ணீர்கூடக் குடிக்காமல், வீட்டுக்குள் பார்த்துக் கேட்கும் முதல் கேள்வி, "ஏதாச்சும் விசேஷம் உண்டா?"

விசேஷம் என்றால் எனக்கு பிரியாணி. ஒருமுறை நானே முந்திக்கொண்டு, "உண்டுங்க குப்பி, பெருநாளு வருது" என்றேன். அம்மா என் தொடையில் கிள்ளினார். எதற்குக் கிள்ளினார் என்று புரியவில்லை. நிஜமாகவே பெருநாள் வரத்தான் செய்தது.

பக்கத்து வீட்டுக் குழந்தைக்கு முடி இறக்கிய அன்று நடந்ததும் எனக்குப் புரியவில்லை. பெண்கள் வட்டமாக உட்கார்ந்து குழந்தையை மடி மாற்றி மடி கொடுத்துக்கொண்டு வந்தார்கள். சாச்சி இரண்டு கையையும் நீட்டினார். குழந்தை அவர் மடியைத் தாண்டி அடுத்த மடிக்குப் போனது. சாச்சி நீட்டிய கையை அப்படியே திருப்பி, தரையில் இல்லாத தூசியைத் தட்டினார்.

அந்த மாதம் குப்பி வந்தபோது கடையின் பின்கதவு திறந்திருந்தது. நான் மிளகு மூட்டை மேல் படுத்திருந்தேன். குப்பி அத்தாவிடம் சொன்னது தெளிவாகக் கேட்டது.

"அடுத்த மாசம் மொத வெள்ளி வாரேன். அதுக்குள்ள ஒண்ணும் இல்லைன்னா, அவள ஆத்தூருல அவங்கம்மா ஊட்டுல கொண்டுபோயி உடுங்க. கொஞ்ச நாளைக்கு அங்கயே இருக்கட்டும்."

கொஞ்ச நாள் என்றால் எனக்குப் பெரிய லீவு மாதிரி, பத்து நாள், பதினைந்து நாள். பத்து நாள் முழு முட்டை இல்லாமல் இருப்பதே எனக்குக் கவலையாக இருந்தது. ஆனால் அன்று சாயங்காலம் சாச்சி தகரப் பெட்டியை இறக்கித் துடைத்து, எல்லாச் சேலைகளையும் மடித்து வைத்துக்கொண்டிருந்தார். பத்து நாளைக்கு எதற்கு எல்லாச் சேலையும் என்று கேட்டேன். "வெயில்ல காயப் போடக் கண்ணு" என்றார். வெளியே மழை பெய்துகொண்டிருந்தது.

அதற்குப் பிறகு இரண்டு வாரம் கழித்து சாச்சிக்கு வாந்தி ஆரம்பித்தது. யாருக்கும் தெரியாமல் கிணற்றடிக்குப் போய் எடுப்பார். தண்ணீர் இறைத்து ஊற்றுவது நான். வாந்தி எடுத்துவிட்டு நிமிரும்போது அவர் முகத்தில் வாட்டம் இல்லை. அது எனக்கு விநோதமாக இருந்தது. நான் வாந்தி எடுத்தால் ஊரையே கூட்டுவேன். சாச்சியோ வாயைத் துடைத்துக்கொண்டு லேசாகச் சிரித்தார்.

ஒருநாள் தலைவலி என்று வீட்டில் சொல்லிவிட்டு, துணைக்கு என்னைக் கூட்டிக்கொண்டு டாக்டரிடம் போனார். டாக்டர் என்னவோ கேட்டு எழுதிக்கொண்டு, மறுநாள் வரச் சொன்னார். மறுநாள் காகிதத்தில் சுற்றிய ஒரு சின்ன டப்பி என் கையில் தரப்பட்டது. "கவுத்துடாம புடி. தொறந்து பாக்காத" என்றார் சாச்சி. அதில் என்ன இருந்தது என்பது எனக்கு வெகுகாலம் கழித்துத்தான் தெரியும். தெரிந்த அன்று கையை மூன்று முறை கழுவினேன்.

டப்பியைக் கொடுத்துவிட்டு ஒரு மணி நேரம் காத்திருந்தோம். கூப்பிட்டார்கள். சாச்சி உள்ளே போனார், நான் வாசலிலேயே நின்றேன். டாக்டர் குரல் கேட்டது.

"வயித்துல அமீபா இருக்கும்மா. பயப்பட ஒண்ணுமில்ல."

அதற்குள் நர்ஸ் திரையை இழுத்துவிட்டார். நான் போய் எடை பார்க்கும் மெஷின் மேல் ஏறி இறங்கிக்கொண்டிருந்தேன்.

எங்கள் தெருவில் அமீனா இருந்தாள். ஹபீபா இருந்தாள். நபீஸா, ஹசீனா, ஷமீமா எல்லோரும் இருந்தார்கள். அமீபா என்று ஒருத்தி சாச்சி வயிற்றில் இருப்பதில் எனக்கு ஆச்சரியமே இல்லை. பிறப்பதற்கு முன்னாலேயே டாக்டர் பேர் வைத்துவிட்டாரே என்பதுதான் ஆச்சரியம். படித்தவர்கள் எல்லாவற்றையும் சீக்கிரம் முடித்துவிடுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

சாச்சி வெளியே வந்தபோது கண் சிவந்திருந்தது. பெரியவர்கள் சந்தோஷத்திலும் அழுவார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். வழியில் எனக்கு ஒரு பன் வாங்கிக் கொடுத்தார். அவர் சாப்பிடவில்லை. ஏரிப் பக்கம் வந்ததும், "ஊட்டுல யார்கிட்டயும் மூச்சு உடாத கண்ணு" என்றார்.

நல்ல செய்தியை ஏன் மறைக்க வேண்டும்? குழப்பம் தாங்காமல் மறுநாள் கடைக்குச் சர்க்கரை வாங்க வந்த ஹைஸ்கூல் அறிவியல் வாத்தியாரைப் பிடித்தேன். வாத்தியாருக்கு யாராவது சந்தேகம் கேட்டால் போதும், சர்க்கரையை மறந்துவிடுவார்.

"சார், அமீபான்னா என்னங்க?"

"அமீபா ஒரு உயிர் தம்பி. நொம்பச் சின்னது. கண்ணுக்குத் தெரியாது."

"வயித்துல இருக்குமுங்களா?"

"அதுல ஒரு வகை இருக்கும். அதுக்குப் பேரு ஒட்டுண்ணி. ஒட்டிக்கிட்டு உண்ணுறதுனால ஒட்டுண்ணி. இன்னொருத்தர் ஒடம்புக்குள்ள இருந்துக்கிட்டு, அவங்க திங்கிறதையே தானும் தின்னு வளரும்."

சரியாகப் போயிற்று. எங்கள் அம்மாவுக்கு என் தங்கை வயிற்றில் இருந்தபோது, ரெண்டு பேருக்கும் சேர்த்துச் சாப்பிடு என்று எல்லோரும் இதைத்தானே சொன்னார்கள்.

"ஆணுங்களா, பொண்ணுங்களா சார்?"

"ரெண்டும் கெடையாது."

இன்னும் முடிவாகவில்லை என்று எடுத்துக்கொண்டேன்.

"அப்பறம் ஒரு வெசயம் கேளு. அது வளந்ததும் ரெண்டாப் பிரியும். ஒண்ணு ரெண்டாயிடும்."

அப்படியானால் இரட்டைக் குழந்தை. இதற்குமேல் ரகசியம் காப்பது மனிதனால் ஆகிற காரியமா? இருந்தும் நான் மூன்று நாள் காப்பாற்றினேன். என் வாழ்க்கையில் அதுதான் நான் ரகசியம் காத்த அதிகபட்ச காலம்.

வெள்ளிக்கிழமை காலை பஸ்ஸில் குப்பி வந்து இறங்கினார். அன்று அவர் விசேஷம் உண்டா என்று கேட்கவில்லை. நேராக உள்ளே வந்து அம்மாவிடம், "பொட்டி கட்டியாச்சா?" என்றார். சாச்சி பின்கட்டில் மாவு ஆட்டிக்கொண்டிருந்தார். குழவி ஓடும் சத்தம் நின்று, மறுபடி ஓடியது. நடு அறையில் அந்தத் தகரப் பெட்டி ஏற்கெனவே கயிறு கட்டி நின்றது. அதைப் பார்த்ததும் என் வாய் தானாகத் திறந்துகொண்டது.

"சாச்சி போகக்கூடாதுங்க குப்பி. சாச்சி வயித்துல அமீபா இருக்கு."

குப்பி திரும்பினார். "என்ன சாமி சொல்ற? யாரு, ஹபீபாவா?"

குப்பி அரபி ஓதியவர். உச்சரிப்பு என்னைவிட அவருக்குத்தான் தெரியும். "ஆமாங்க" என்றேன்.

குப்பி அப்படியே பெட்டிமேல் உட்கார்ந்துவிட்டார். ஹபீபா என்பது செத்துப்போன அவருடைய அம்மாவின் பெயர் என்பது எனக்குத் தெரியாது.

"யாருடா சொன்னது?"

"டாக்டருங்க. நாந்தான் கூடப் போனேன். டப்பியெல்லாம் கொண்டுபோனமுங்க."

"டெஸ்ட்டே எடுத்துட்டாளா!" என்றார் அம்மா.

"வாந்தி எடுத்தாளா?"

"பத்து நாளாங்க. கெணத்தடியில. அப்பறம் குப்பி, ரெட்டைங்க."

டாக்டர் அதையும் சொன்னாரா என்று யாரும் கேட்கவில்லை. குப்பி அழ ஆரம்பித்துவிட்டார். "எங்கம்மா பேரையே மனசுல நெனச்சு வெச்சிருக்கா பாரு, வாயத் தொறந்து ஒரு வார்த்த சொல்லல பாரு" என்று சொல்லிக்கொண்டே பின்கட்டுக்கு ஓடினார். அம்மா பின்னால் ஓடினார். நான் எல்லோருக்கும் பின்னால் ஓடினேன்.

கை முழுக்க மாவோடு சாச்சி நிமிர்ந்தார். குப்பி அவர் முகத்தை இரண்டு கையாலும் பிடித்து நெற்றியில் முத்தமிட்டார். "எட்டு வருசம் உன்னைய என்னென்னமோ பேசிட்டேன் கண்ணு, மனசுல வெச்சுக்காத" என்றார். சாச்சி குப்பியின் தோளுக்கு மேலாக என்னைப் பார்த்தார். வாயைத் திறந்தார். பிறகு மூடிக்கொண்டார். ரகசியத்தை உடைத்ததற்குக் கோபம் என்று நினைத்து நான் தூணுக்குப் பின்னால் போனேன்.

அன்று முழுவதும் எங்கள் வீடு வேறு வீடாக இருந்தது. ஆட்டுக்கல்லில் அம்மா உட்கார்ந்தார். சாச்சியைக் கட்டிலில் உட்கார வைத்து, முதுகுக்கு இரண்டு தலையணை கொடுத்தார்கள். குப்பி அல்வா கிண்டினார். பக்கத்து வீட்டுக்காரம்மா, முடி இறக்கிய அந்தக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்து, தானாகவே சாச்சி மடியில் போட்டார். அது சாச்சியின் வளையலைக் கடித்துக்கொண்டு வெகுநேரம் அங்கேயே கிடந்தது. சாச்சி அசையக்கூட இல்லை. சாச்சா கடையிலிருந்து வந்து நிலைப்படியில் நின்று எட்டிப் பார்த்தார். பேசத் தெரியாத மனிதர். தலையைச் சொறிந்துகொண்டு சிரித்துவிட்டு, திரும்பக் கடைக்குப் போய், மறுபடி வந்து எட்டிப் பார்த்தார். அப்படி நாலைந்து தடவை.

சாயங்காலம் சாச்சி முந்தானையிலிருந்து ஒரு மாத்திரையை எடுத்து விழுங்கினார். "சத்து மாத்திரையா?" என்றார் குப்பி. சாச்சி தண்ணீர் குடித்துக்கொண்டிருந்ததால் பதில் சொல்லவில்லை. தண்ணீர் முழுச் செம்பு.

மறுநாள் காலை வாத்தியார் கடைக்கு வந்தார். முந்தைய தடவை மறந்துவிட்டுப் போன சர்க்கரைக்காக. சாச்சாவிடம் அக்கறையாகக் கேட்டார்.

"ஏனுங்க, ஊட்டுல யாருக்குங்க அமீபா? தம்பி அன்னிக்கு விசாரிச்சுச்சு. தண்ணியக் காச்சிக் குடிக்கச் சொல்லுங்க. அந்தப் பூச்சி தண்ணியிலதான் வருது."

சாச்சா சர்க்கரைப் பொட்டலத்தைப் பாதி கட்டியபடி வீட்டுக்குள் வந்தார். குப்பி, செய்தியைச் சேலம் முழுக்கச் சொல்வதற்குப் பஸ்ஸுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். சாச்சா சாச்சியிடம் கையை நீட்டினார். சாச்சி தலையணைக்கு அடியிலிருந்து டாக்டர் சீட்டை எடுத்துக் கொடுத்தார். சாச்சா அதைப் படித்துவிட்டு, குப்பியிடம் இரண்டே வார்த்தையில் விஷயத்தைச் சொன்னார்.

பிறகு நடந்ததை வரிசையாகச் சொல்ல முடியாது. ஏனென்றால் முதல் அறை எனக்குத்தான் விழுந்தது, அம்மாவிடமிருந்து. அதற்குப் பிறகு காதில் ரீங்காரம். குப்பி கத்தியதில் "பூச்சி" என்பதும் "எங்கம்மா பேரு" என்பதும் மட்டும் கேட்டது. பிறகு கட்டில் பக்கம் திரும்பி, "இவ இன்னிக்கே ஆத்தூருக்குக் கெளம்பட்டும். அதே பொட்டி, அதே கயிறு" என்றார்.

சாச்சி எழுந்து நின்றார். தலையணை இரண்டையும் எடுத்து அதனதன் இடத்தில் வைத்தார். அப்போது சாச்சா, கையில் அந்தச் சர்க்கரைப் பொட்டலத்தோடு, பேசினார். தன் அக்காவை எதிர்த்து அவர் பேசி அன்றுதான் நான் பார்த்தேன்.

"அமீபாவோ எதுவோ, இருக்குற எடத்துலயே இருக்கட்டுங்க்கா."

அவ்வளவுதான். பிறகு போய் அடுப்பைப் பற்றவைத்து, பெரிய அண்டாவில் தண்ணீர் காய்ச்ச ஆரம்பித்தார். குப்பி மத்தியான பஸ்ஸுக்குப் போனார். போகும்போது மிச்ச அல்வாவைத் தூக்குப்போசியில் எடுத்துக்கொண்டு போனார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் யாரும் விசேஷம் உண்டா என்று கேட்டதில்லை. தண்ணீர் மட்டும் இன்றுவரை காய்ச்சித்தான் குடிக்கிறோம்.

நான் மட்டும் அந்த விஷயத்தை விடவில்லை. வளர்ந்து, ஒட்டுண்ணிக்குப் பாடப்புத்தகத்தில் உள்ள அர்த்தமும், பெண்கள் வாந்தி எடுத்துவிட்டு ஏன் சிரிக்கிறார்கள் என்பதும் புரிந்த பிறகு, வெகு வருடங்கள் அது என்னை உறுத்திக்கொண்டே இருந்தது. ஒரு பாவப்பட்ட பெண்ணை ஒருநாள் முழுக்கத் தாயாக நம்பவைத்து, மறுநாள் பறித்துக்கொண்டேனே என்று. அந்த ஒருநாள் அவர் எதை நம்பிக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தார் என்பது அந்த நாலாம் வகுப்புப் பையனுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும் என்று நானாக நினைத்துக்கொண்டேன்.

போன மாதம் எனக்கு வயிற்றுவலி. டெஸ்ட் எடுத்ததில் அமீபா. சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு நேராகச் சாச்சி வீட்டுக்குப் போனேன். சாச்சா போய்ச் சேர்ந்து ஆறு வருடம் ஆகிறது. சாச்சி எழுபத்தைந்து வயதில் தனியாக உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் உட்கார்ந்து, குரலைத் தாழ்த்தி, "அன்னிக்கு உங்கள ஏமாத்திட்டேன் சாச்சி, நீங்க மன்னிக்கோணும்" என்றேன். கண்கூட லேசாகக் கலங்கியது. வெங்காயமாகவும் இருக்கலாம்.

சாச்சி உரிப்பதை நிறுத்தாமல் சொன்னார்:

"ஏண்டா, டாக்டர் எங்கிட்டச் சொன்னாரா, உங்கிட்டச் சொன்னாரா? பூச்சின்னு எனக்கு அங்கயே தெரியும். ஒருநாளு உக்காரவெச்சுச் சோறு போட்டாங்க, தின்னேன். ஏமாந்தது நீதான்."