வேர்க்கும் சுவர்

பல்கலைக்கழக இணையப் பக்கம் பேராசிரியர் கிருஷ்ணராசாவை இப்படி அறிமுகப்படுத்துகிறது: 'நவீனக் கட்டடக் கலைஞர்களை அவர்களது பண்பாட்டுச் சூழலில் வைத்து ஆராய்பவர், அக்கட்டடங்களில் வாழும் எளியவரின் குரலை வரலாற்றுக்குள் கொண்டுவந்தவர்.'

முதல் பாதி மெய்தான். லண்டன் ஆர்ச்வே பக்கத்துக் காங்கிரீட் மாடிக் குடியிருப்பு ஒன்றைக் கட்டியவர் எந்த ஓவியரோடு சண்டை பிடித்தார், யார் வீட்டு விருந்தில் தூங்கி வழிந்தார் என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. அந்த மாடியில்தான் அவருடைய அக்கா தவநாயகி இருக்கிறாள். கலாநிதிப் பட்டத்துக்குப் படித்த காலமெல்லாம் அவள் வீட்டு ஹோலில்தான் படுத்தார். இப்போது ஹரோவில் செங்கல் வீடு. காங்கிரீட்டின் அழகை எழுத ஈரமில்லாத அறை வேண்டும்தானே.

கவுன்சில் அந்த மாடியை இடித்து, குடும்பங்களுக்கு வேறு வீடு தருவதாகச் சொன்னது. அக்கா சாமான் கட்டத் தொடங்கிவிட்டாள். பூஞ்சணம் பிடித்த அறையில் மகள் தனுஷியாவுக்கு முட்டு வருத்தம், மூச்சிழுப்பு; மருந்து பம்ப் இல்லாமல் படியேற ஏலாது. பேராசிரியருக்கோ அதைப் பற்றி எழுதிய முப்பது வருட உழைப்பு இடிபடப் போகிறதே என்ற துக்கம். கட்டடத்தைப் பாரம்பரியச் சின்னமாக்க ஒரு குழு கிளம்பியது. குடியிருப்பவர் ஒருவரின் வாய்மொழி வேண்டுமென்றார்கள். ஒலிப்பதிவுக் கருவியோடு அக்காவிடம் போனார்.

"சோக்கான வீடு, ராசா," என்றாள் அக்கா. "எங்களோட சேர்ந்து சுவரும் வேர்க்குது. இதை விட்டிட்டு எங்க போறது?"

அவர்கள் வீட்டில் கெட்டதைக் கெட்டது என்று சொல்லும் வழக்கமே இல்லை. 'சோக்கு' என்றால் நாசம் என்று பொருள். அந்தப் பேச்சில் வளர்ந்தவருக்கு அது விளங்காமலில்லை. இரண்டாம் முறை தேநீர் வாங்கிக் குடித்துவிட்டு வந்தார்.

கட்டடத்தைப் பற்றிய விசாரணையில் அவர் அக்காவின் வாய்மொழியை ஆங்கிலத்தில் வாசித்தபோது சபை உருகியது. வெளியே தனுஷியா பம்பை இழுத்துக்கொண்டே சொன்னாள்:

"மாமா, அம்மா நக்கலடிச்சவ. சுவர் மூச்சு விடுதெண்டும் அவ சொல்லேல்ல."

"நக்கலுக்கு ஆங்கிலத்தில சொல் இல்லை, பிள்ளை."

கட்டடம் காப்பாற்றப்பட்டது. இடிப்பு நின்றது, மாற்று வீட்டுக் கதையும் அதோடு நின்றது. குளிர் புகும் ஒற்றைக் கண்ணாடி யன்னலைக்கூட இனி மாற்றக் கூடாது. அது மூல வடிவமாம். அக்கா கட்டிய சாமானை அவிழ்த்தாள். தம்பி படித்தவன், உதவிக்கு வர நேரமில்லை என்று அவளே சமாதானமும் சொல்லிக்கொண்டாள். ஆங்கிலம் வாசிக்கத் தெரியாதவள். ஹைகேற் முருகன் கோயிலில் அன்னதானத்துக்கு வரிசையில் நிற்கும்போது, தன் பேச்சைத் தம்பி பிறகு எழுதிய புத்தகத்தில் போட்டிருக்கிறான் என்று எல்லோருக்கும் சொல்கிறாள். பக்கத்தில் மகள் இருமுகிறாள்.

கிருஷ்ணராசா செய்தது இதுதான்: 'வேர்க்குது' என்ற சொல்லை 'மூச்சு விடுகிறது' என்று மொழிபெயர்த்தார்.