மறுமுனையில் நின்றவன்

மண்ணூரில் நாங்கள் குடியிருந்த மாடி அறையில் ஆள் இரண்டு, பாய் ஒன்று. கஞ்சத்தனம் இல்லை. இரண்டாவது பாய்க்கு வேலையே இல்லை. என் நண்பனுக்கு ஒரகடத்தில், இரும்புத் தகட்டை அழுத்தி வெட்டுகிற ஒரு பிரஸ் ஷாப்பில் பகல் ஷிப்ட். எனக்கு சுங்குவார்சத்திரத்துக்குப் பக்கத்தில் ஓர் எலெக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் நைட் ஷிப்ட். காலை ஆறரைக்கு அவன் கம்பெனி பஸ் ஏறிப் போவான், எட்டு மணிக்கு நான் வந்து அதே பாயில் விழுவேன். மாலை ஆறுக்கு நான் கிளம்பினால் எட்டுக்கு மேல் அவன் வந்து சேருவான். விருதுநகர்ப் பக்கம் ஒரே தாலுகாக்காரர்கள், ஐ.டி.ஐ.யில் ஒரே பெஞ்சு. அப்படியிருந்தும் ஞாயிற்றுக்கிழமை தவிர ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியாது. இது 2013 வாக்கில் நடந்தது.

எங்கள் இருவருக்கும் பொதுவாக ஒரு டச் போன் வாங்கியிருந்தோம். கேமரா உள்ள போனை இரண்டு கம்பெனியிலும் கேட்டைத் தாண்ட விடமாட்டார்கள். அதனால் ஆளுக்கொரு பட்டன் போன் சட்டைப் பையில் போகும், டச் போன் மட்டும் ஜன்னல் கட்டையில் சார்ஜரோடு கிடக்கும். அதில் ஒரு கிரிக்கெட் ஆட்டம் ஏற்றி வைத்திருந்தோம்.

பொம்மைகள் துள்ளுகிற சிறுபிள்ளை விளையாட்டு இல்லை அது. பிட்ச் வெடிக்கும், மாலையானால் ஆட்களின் நிழல் நீளும், கண் சிமிட்டும் நேரம் தாமதித்தால் பந்து மட்டையின் ஓரத்தில் பட்டு ஸ்லிப்புக்குப் போகும். எந்தப் பக்கம் அடிப்பது என்பதை இடது கட்டைவிரல் சொல்ல வேண்டும், அடிக்கிற பட்டனை வலது கட்டைவிரல் அழுத்த வேண்டும். நம் பெயரிலேயே ஆட்களை உருவாக்கிக்கொள்ளலாம். அவன் பெயரில் ஒருவன், என் பெயரில் ஒருவன் என்று மீசை முதற்கொண்டு பார்த்துப் பார்த்துச் செய்து, இருவரையும் ஓப்பனிங் இறக்கிவிட்டோம். இருபது ஓவர் மேட்சில் முதல் பத்து ஓவரை அவன் சாப்பிட்டுவிட்டு ஆடி நிறுத்தி வைப்பான். மிச்சப் பத்து, காலையில் நான் வந்து ஆட வேண்டியது.

எங்களுக்குள் ஒரு சட்டம் இருந்தது. அடுத்தவன் ஆளை அவுட் ஆக்கக் கூடாது. இஷ்டத்துக்கு விளாசுவதெல்லாம் அவனவன் ஆளை வைத்துத்தான். என் ஆளுக்குப் பந்து வந்தால் அவன் தட்டி வைக்க வேண்டும், அவன் ஆளுக்கு வந்தால் நான். ஒரு தடவை சிக்ஸர் ஆசையில் நான் அவன் ஆளை லாங் ஆனில் கேட்ச் கொடுக்க வைத்துவிட்டேன். அந்த ஞாயிறு முழுக்க அவன் என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

ஆட்டத்தை நிறுத்தினால் மைதானத்தின் படம் ஒன்று வரும். அடித்த ரன்கள் எந்தப் பக்கம் போயின என்று கோடு கோடாகக் காட்டும். அவனுடைய கோடுகள் எப்போதும் ஆஃப் சைடில் விசிறி மாதிரி விரிந்திருக்கும். உடம்பு அசந்த நாளில் கோடுகள் குட்டையாக இருக்கும், மனசு நன்றாக இருந்தால் எல்லைக்கோடு வரை நீளும். அவன் எப்படி இருக்கிறான் என்று நான் யாரையும் கேட்டதில்லை. காலையில் அந்தப் படத்தைப் பார்த்தால் போதும்.

அந்த ஐப்பசியில் நான்கு நாள் அவன் அறைக்கு வரவில்லை. டபுள் ஷிப்ட், கம்பெனியிலேயே படுத்துக்கொள்கிறேன் என்று மெசேஜ் வந்தது. பிரஸ் ஷாப்பில் அது புதிது இல்லை. ஐந்தாம் நாள் காலை நான் வந்தபோது பாயில் ஆள் படுத்த அடையாளம் இருந்தது. போனை எடுத்தேன். அவன் ஆள் பூஜ்யத்தில் அவுட். என் ஆள் நான்கு ரன்னோடு மறுமுனையில் நின்றுகொண்டிருந்தான். அலுப்பில் ஆடியிருப்பான் என்று சிரித்துக்கொண்டேன்.

மறுநாளும் பூஜ்யம். அதற்கடுத்த நாள் நான்கு ரன். அந்த நான்கும் ஒரே கோடாக, மிட் ஆன் பக்கம் போயிருந்தது. அவன் மிட் ஆன் பக்கம் அடித்து நான் பார்த்ததே இல்லை. 'என்னடா, மட்டையை மறந்துட்டியா' என்று கிண்டலாக ஒரு மெசேஜ் தட்டினேன். நான் ஆடவே இல்லை, வந்ததும் படுத்துவிட்டேன் என்று பதில் வந்தது.

பதிலை இரண்டு தடவை படித்தேன். அவன் ஆடவில்லை, நானும் ஆடவில்லை. போன் மட்டும் கையில் லேசாகச் சுட்டது.

அன்றிலிருந்து அந்த அறையில் எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. பட்டப்பகலில், ஆஸ்பெஸ்டாஸ் கூரை வெயிலில் படபடக்க, கண்ணைத் திறந்துகொண்டே கிடப்பேன். ஒவ்வொன்றாகக் கண்ணில் பட்டது. போன் கண்ணாடியில் எப்போதும் இரண்டு ஓரத்திலும் விரல் பிசுக்கு இருக்கும், இப்போது வலது ஓரத்தில் மட்டும் இருந்தது. பாயைச் சுருட்டிக் கயிறு கட்டி வைக்கிறவன் அவன், இப்போது கயிறு தனியாகக் கிடந்தது. அறைக்குள் லேசாக ஆஸ்பத்திரி வாடை. டூத்பேஸ்ட் மூடியைக் கையில் எடுத்துப் பார்த்தால் சுற்றிலும் பல் பதிந்த தடம். யாரோ அதைக் கடித்துத் திறந்திருக்கிறார்கள்.

அதைவிடப் பயமாக இருந்தது ரன் கணக்கு. நான்கு, ஒன்பது, எட்டு, பதினாறு. எல்லாமே மிட் ஆன் பக்கம், ஒன்றன்மேல் ஒன்றாக ஒரே தடித்த கோடு. மைதானத்தின் மற்ற இடமெல்லாம் துடைத்துவிட்டாற்போல் வெறுமை. யாரோ ஒருவன் எங்கள் அறைக்கு வந்து, எங்கள் போனில், என் நண்பன் பெயருள்ள ஆளை வைத்து ஆடக் கற்றுக்கொண்டிருந்தான். தினமும் கொஞ்சம் தேறிக்கொண்டும் வந்தான். என் ஆள் ஆறு ரன்னோ ஏழு ரன்னோ எடுத்து ஓரமாக நிற்பான். அவனை நான் கவனிக்கவே இல்லை. மிச்சப் பத்து ஓவரை ஆடவும் மனம் வராமல் போனைக் கவிழ்த்து வைத்துவிடுவேன்.

ஞாயிற்றுக்கிழமை நேரில் பேசிக்கொள்ளலாம் என்று பார்த்தால் அவன் ஞாயிறும் OT என்றான், ராத்திரி ஒரகடத்திலேயே கூட வேலை செய்கிறவன் அறையில் தங்கிக்கொள்வதாகச் சொன்னான். போன் போட்டால் கட் செய்துவிட்டு மெசேஜ் அனுப்பினான். அடுத்த ஞாயிறும் அதே கதை. நான் கணக்குப் போட்டேன். காலையில் அவன் போய் நான் வரும்வரை ஒன்றரை மணி நேரம், மாலையில் நான் போய் அவன் வரும்வரை இரண்டு மணி நேரம், அறை யாருமில்லாமல் பூட்டிக் கிடக்கும். அவன் அந்த நேரத்தில்தான் வருகிறான். அந்த 'அவன்' யார் என்பதுதான் தெரியவில்லை.

ஒரு நாள் மாலை கம்பெனி பஸ்ஸில் போகும்போது தூக்கிவாரிப் போட்டது. சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப்பில், டீக்கடைக்குப் பக்கத்து பெஞ்சில் என் நண்பன் உட்கார்ந்திருந்தான். அதே நீல யூனிபார்ம் சட்டை, அதே கோண வகிடு. வலது கையை பேன்ட் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டு, ஹைவேயில் போகிற லாரிகளையே பார்த்துக்கொண்டிருந்தான். நான் ஜன்னலைத் தட்டினேன். பஸ் நிற்கவில்லை. அவன் திரும்பவும் இல்லை. உடனே, எங்கே இருக்கிறாய் என்று மெசேஜ் அனுப்பினேன். கம்பெனியில், லைனில் இருக்கிறேன் என்று பதில் வந்தது.

மறுநாள் கீழே வீட்டுக்கார அக்காவிடம் போய், எங்கள் அறைக்கு வேறு யாரிடமாவது சாவி இருக்கிறதா என்று கேட்டேன். அக்கா கீரை ஆய்ந்துகொண்டே, நிமிராமல் சொன்னது.

"உனுக்கு முன்னாடி அந்த ரூம்ல கீந்த புள்ள, ரோடு தாண்டசொல்லோ லாரி அட்ச்சி செத்துட்டான். அவன் கையில கீந்த சாவி இன்னும் திரும்பி வரல."

பேய், பிசாசு என்று நம்புகிற ஆள் இல்லை நான். அப்படித்தான் அதுவரை எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். அன்று மதியமே ஸ்ரீபெரும்புதூருக்குப் போய்ப் புதுப் பூட்டு வாங்கி வந்தேன். மாலை கிளம்பும்போது அதைப் போட்டுவிட்டு, ஒரு சாவியை அக்காவிடம் கொடுத்தேன். பூட்டு மாற்றியாயிற்று, சாவியைக் கீழே வாங்கிக்கொள் என்று நண்பனுக்கு மெசேஜ் அனுப்பினேன். 'சரி' என்று பதில் வந்தது. இனிமேல் எவன் வருகிறான் பார்ப்போம் என்று வீம்பாகத்தான் பஸ் ஏறினேன்.

காலையில் வந்தபோது மழை விட்டிருந்தது. மாடிப்படி ஏறி, மேலே திரும்புகிற இடத்தில் நின்றுவிட்டேன். எங்கள் கதவுக்கு வெளியே, கடைசிப் படியில், நீலச் சட்டை போட்ட ஒருவன் சுவரில் சாய்ந்து தலை கவிழ்ந்து உட்கார்ந்திருந்தான். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியிருந்தது. வலது கையில் மளிகைக்கடை கேரி பேக்கைச் சுற்றி ரப்பர் பேண்டு போட்டிருந்தான். பூட்டு தொங்கிக்கொண்டிருந்தது. பழைய சாவிக்காரன்தான் வந்திருக்கிறான், ஓடலாமா என்று ஒரு காலைக் கீழ்ப்படியில் வைத்துவிட்டேன். அப்போதுதான் அவன் தலையைத் தூக்கினான். என் நண்பன்.

"சாவியக் கீழ வாங்கிக்கச் சொன்னேன்லடா" என்றேன். வேறு எதுவும் வாயில் வரவில்லை.

"அக்கா கையப் பாக்கும் மாப்ள" என்றான். "நீ பாத்தா ஊரே பாக்கும்."

அது உண்மைதான். என் வாய் சும்மா இருக்காது. அவன் ஒரு முறை காய்ச்சலில் படுத்ததை நான் ஊருக்குப் போன் போட்டுச் சொல்லி, அவன் அப்பா அடுத்த பஸ் பிடித்து வந்து நின்றார்.

கதவைத் திறந்து உள்ளே கூட்டிப்போய் சட்டையைக் கழற்றிவிட்டு, அந்தப் பையை அவிழ்த்தேன். கட்டுக்குள் வலது கையின் கட்டைவிரலும் அதற்கடுத்த இரண்டும் இல்லை. பிரஸ் மெஷினில் இரண்டு பட்டன் உண்டு, இரண்டு கையாலும் சேர்த்து அழுத்தினால்தான் மேல் அச்சு இறங்கும். கை உள்ளே போகாமல் இருக்கத்தான் அந்த ஏற்பாடு. டார்கெட் எடுக்க முடியாமல், ஒரு பட்டனை அழுத்தி டேப் போட்டு ஒட்டிவிட்டு, ஒற்றைக் கையில் ஓட்டுவது அங்கே வழக்கமாம். அவனும் ஒட்டியிருக்கிறான். இடது கை பட்டனில் இருக்க, வலது கை உள்ளே இருந்திருக்கிறது. ஆஸ்பத்திரியில் நான்கு நாள் வைத்திருந்துவிட்டு காண்ட்ராக்டர் ஒன்று சொன்னானாம்: வெளியே மூச்சு விடாதே, மிச்சக் கை வேலைக்கு ஆகும் என்று காட்டு, பேக்கிங்கில் போடுகிறேன். அதற்காகத்தான் பகலெல்லாம் யூனிபார்மோடு பஸ் ஸ்டாப்பில் உட்கார்ந்திருக்கிறான். இடது கை எவ்வளவு வேகமாக பட்டன் அழுத்துகிறது என்று அறிவதற்காகத்தான் ராத்திரி ராத்திரி ஆடியிருக்கிறான். திசை சொல்ல இன்னொரு கட்டைவிரல் இல்லாததால் பந்து தன்பாட்டுக்கு மிட் ஆன் பக்கம் போயிருக்கிறது.

அவன் அத்தனை பாடுபட்டும் அந்தக் காண்ட்ராக்டர் அவனைத் திரும்ப எடுக்கவில்லை. தை பிறப்பதற்குள் ஊருக்குப் போய்விட்டான். நான் ஒருத்தரிடமும் சொல்லவில்லை, அவன் கையை ஊர் தானாகத்தான் பார்த்தது.

அன்று காலை கடையிலிருந்து இட்லி வாங்கி வந்து பிட்டு ஊட்டிவிட்டேன். அழுகையும் கோபமும் ஒன்றாக வந்தது. மழையில் ராத்திரி முழுக்க அவனை வாசலில் உட்கார வைத்தது நான்தான் என்பதைத் தாங்க முடியாமல், தப்பை அவன்மேலேயே தள்ளப் பார்த்தேன். நீ ஆடலைன்னு ஏன் பொய் சொன்ன, ஒரே பக்கமா அடிச்சா நான் வேற எவனோன்னுதானே நினைப்பேன் என்று கத்தினேன்.

அவன் வாயில் இருந்ததை மென்று விழுங்கிவிட்டு, சாதாரணமாகத்தான் கேட்டான்.

"உன் ஆளு ஒரு நாளாச்சும் அவுட் ஆனானா மாப்ள?"

ஒவ்வொரு காலையும் என் ஆள் நின்றுகொண்டுதான் இருந்தான், நான்கோடு, ஆறோடு, ஏழோடு. ஒருநாள்கூட அவுட் ஆகவில்லை.