புரை எடுத்த கண்ணும் திருவிழாத் தலைக்குளியலும்

என் கண்ணுக்கு என்ன ஆனது என்று தெரியாவிட்டால் உங்களுக்குப் பாலில்லாக் கட்டன்சாயா தொண்டையில் இறங்காதோ? சரி, கேட்டுத் தொலையுங்கள்.

பீர்மேட்டுப் பக்கம் தேயிலை எஸ்டேட் லயத்து வரிசை வீடுகளில் ஒன்றில் இருக்கிறேன். இடது கண்ணில் புரை எடுத்து வீடு திரும்பிய சில நாளிலேயே எங்கள் மாரியம்மன் திருவிழா வந்துவிட்டது. தலைக்கு ஊற்றாமல் கோயில் படி ஏறுகிற வழக்கம் எனக்குக் கிடையாது. மருமகள் செல்வி கடைக்குப் போன நேரம் பார்த்துச் சீயக்காயைக் கரைத்து, தலையில் அப்பிக்கொண்டு குனிந்தேன். அது வழிந்து புருவம் வரைக்கும் வந்துவிட்டது.

அந்த நேரத்தில் உள்ளே வந்த செல்வி, என்னைப் பிடித்து நிமிர்த்தி நெற்றியைத் துடைத்தாள்.

“அத்தே, குனியக்கூடாது, கண்ணுல தண்ணி படக்கூடாதுன்னு டாக்டர் சொன்னாருல்ல? சீயக்கா உள்ள எறங்கிப் புண்ணாச்சுன்னா பார்வையே போயிரும்.”

“தலைக்கு ஊத்தாம ஆத்தா முன்னாடி எப்படிடி நிப்பேன்?”

“இப்படி ஊத்துனாலும் நிக்கலாம். ஆத்தா மொகந்தான் தெரியாது.”

அவள் என்னை நாற்காலியில் பின்னால் சாய்த்து, கண்ணை மூடச் சொல்லி, பின்பக்கமாகவே ஊற்றி அலசினாள். முகத்துக்கு ஒரு சொட்டு வரவில்லை. அன்று ஆத்தாவின் மூக்குத்தி மினுங்குவது வரைக்கும் பார்த்தேன்.

டாக்டர் போதும் என்கிற வரை இனி இப்படித்தான் குளியல். கண்மையும் அதுவரை டப்பாவிலேயே கிடக்கும்.

“என்ன மதினி, நாற்காலியில குளியலாம்ல?” என்று பக்கத்து வீட்டுக்காரிகள் சிரித்தார்கள்.

“மூணாறுக்கு வாற டூரிஸ்டுக பார்லர்ல காசு குடுத்து இப்படித் தலை கழுவிக்கிறாளுக. எனக்கு எம் மருமக சும்மா செய்யுறா. ஒங்களுக்கும் வேணும்னா, மொதல்ல மருமககிட்ட ஏச்சு வாங்கப் பழகுங்க” என்றேன்.